பிஸ்கட்டின் மேல் ஊற்றுகிற கிரேவி

எதிர்வீட்டு அமெரிக்கப் பெண்ணுக்கு மூன்றாம் மாதம் நடந்துகொண்டிருந்தபோது அவள் வயிற்றில் எதுவும் தங்கவில்லை. தண்ணீர் தங்கவில்லை. வெறும் தேநீர் தங்கவில்லை. வாந்தியை நிறுத்த டாக்டர் கொடுத்த குளிசை எல்லாவற்றுக்கும் முதலில் வெளியே வந்தது. அவள் நீல நிறச் சோபாவில் ஒருக்களித்துப் படுத்தபடி கூரையைப் பார்த்துக்கொண்டிருப்பாள். பக்கத்தில் ஒரு பிளாஸ்டிக் வாளி.

எழுபதுகளின் நடுப்பகுதி அது. மெல்பேர்னின் தென்கிழக்கில், மல்கிரேவுக்குப் போகிற வீதியில், ஒரு செங்கல் கட்டடத்தில் குடியிருந்தோம். கீழே இரண்டு வீடு, மேலே இரண்டு வீடு. மேலே எங்கள் கதவும் அவர்கள் கதவும் ஒன்றையொன்று பார்த்தபடி நிற்கும். நாங்கள் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து ஒன்றரை வருடம். என் கணவருக்கு ஒரு கொங்கிரீட் பரிசோதனைக் கூடத்தில் வேலை. எனக்குக் கணிதப் பட்டம் இருந்தது, வேலை இல்லை. எதிர்வீட்டில் இருந்தவர்கள் புருஷனும் பெண்சாதியுமாக இரண்டு ஆசிரியர்கள். இங்கே ஆசிரியர்களுக்குத் தட்டுப்பாடு என்று அமெரிக்காவிலிருந்து அழைத்துக்கொண்ட கூட்டத்தில் வந்தவர்கள். அவள் தெற்குப் பக்கத்து மலை மாநிலம் ஒன்றைச் சேர்ந்தவள். ஒவ்வொரு சொல்லையும் இழுத்து இழுத்துப் பேசுவாள். அதனாலேயே எனக்கு அவளுடைய ஆங்கிலம் விளங்கியது. அவுஸ்திரேலியர் பேசுவது எங்கள் இருவருக்குமே விளங்கவில்லை. சிநேகிதம் அப்படித்தான் பிடித்தது.

ஒருமுறை வீட்டு ஏஜென்ட் இரண்டு வீட்டுக் கதவிலும் ஒரு துண்டுக் கடதாசி ஒட்டிவிட்டுப் போனான். 'செவ்வாய் ஆர்வோ, குழாய் திருத்துபவர் வருவார்' என்று ஆங்கிலத்தில் எழுதியிருந்தது. இருவரும் அகராதியை எடுத்துவைத்துத் தேடினோம். ஆர்வோ இல்லை. குழாய்க்காரரின் பெயராக இருக்கும், அனேகமாக இத்தாலியர், என்று அவள் முடிவுசெய்தாள். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது. செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணியிலிருந்து காத்திருந்தோம். மனுஷன் பின்னேரம் மூன்று மணிக்கு வந்து சேர்ந்தார். "வாருங்கள் மிஸ்டர் ஆர்வோ, தேநீர் குடிக்கிறீர்களா?" என்று நான் கேட்டேன். தனக்குப் பின்னால் வேறு யாராவது நிற்கிறார்களா என்று அவர் திரும்பிப் பார்த்தார். ஆர்வோ என்றால் பின்னேரம் என்று தேநீரைக் குடித்து முடித்த பிறகுதான் சொன்னார்.

அந்த வருடம் என் பட்டம் இங்கே செல்லாது, இன்னும் ஒரு வருடம் படிக்க வேண்டும் என்று கடிதம் வந்தது. நான் அவளுடைய சோபாவில் இருந்து அழுதேன். அவள் எனக்காகக் கல்வித் திணைக்களத்தைத் திட்டினாள். வீட்டுக்கு வந்து அந்தச் சொற்களை அகராதியில் பார்த்தேன். மூன்றில் ஒன்றுக்குத்தான் பொருள் போட்டிருந்தார்கள். அதற்குப் பிறகு அவளுக்காக எதையாவது செய்ய வேண்டுமென்று எனக்குள் ஓர் எண்ணம் இருந்துகொண்டே இருந்தது.

ஒரு வியாழக்கிழமை அவளைப் பார்க்கப் போனேன். முகம் சுண்ணாம்பு பூசியதுபோல இருந்தது.

"எதைச் சாப்பிடலாம் போல இருக்கிறது? ஒன்றாவது சொல்லுங்கள்," என்றேன்.

கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள். "சொக்லேட் கிரேவி. பிஸ்கட்டின் மேலே ஊற்றி. எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமைக் காலைச் சாப்பாடு அதுதான்."

"நான் செய்து தருகிறேன்," என்றேன்.

எனக்குச் சமையல் சரியாகத் தெரியாது. கல்யாணத்துக்கு முதல் குசினிப் பக்கம் போனது தண்ணீர் குடிக்கத்தான். வீட்டுக்கு வந்து கதவைச் சாத்திய பிறகுதான் என்ன வாக்குக் கொடுத்திருக்கிறேன் என்று யோசித்தேன். பிஸ்கட் தெரியும். கடையில் பக்கெட்டில் விற்கிறது. சொக்லேட் தெரியும். கிரேவியும் தெரியும். என் கணவருடைய மேலதிகாரி வீட்டு விருந்தில் ஆட்டிறைச்சிக்கு மேலே ஊற்றியிருந்தார்கள், மண்ணிறத்தில், உப்பாக. இவை மூன்றும் ஒரே தட்டில் எப்படி வந்து சேரும் என்பதுதான் தெரியவில்லை.

இரவு இவரிடம் சொன்னேன்.

"நீர் வடிவாக் கேட்டனீரோ? சொக்லேட் எண்டுதான் சொன்னவவோ?"

"ஓம். ரெண்டு தரம் சொன்னவ."

"அப்ப இறைச்சிக் கடையில கேட்டுப் பாரும். கிரேவி அவையின்ர விஷயம்."

சனிக்கிழமை காலை இறைச்சிக் கடைக்குப் போனேன். கிரேவி செய்ய என்ன வேண்டும் என்று கேட்டேன். கடைக்காரர் நல்ல மனிதர். இறைச்சி வாட்டும்போது தட்டில் வடிகிற கொழுப்பு வேண்டும், அதில் மாவைப் போட்டுச் சிவக்க வறுக்க வேண்டும், கட்டிபடாமல் கிண்ட வேண்டும் என்று பொறுமையாகச் சொன்னார். கொஞ்ச ஆட்டுக்கொழுப்பை ஒரு கிண்ணத்தில் போட்டு இலவசமாகவே தந்தார்.

"அதில் சொக்லேட்டை எப்போது சேர்ப்பது?" என்று கேட்டேன்.

அவர் கத்தியைக் கீழே வைத்தார். "எதில்?"

"கிரேவியில்."

பின்னால் எலும்பு வெட்டிக்கொண்டிருந்தவரைக் கூப்பிட்டார். அவர் கையைத் துடைத்துக்கொண்டு வந்து நின்றார். கேட்டதை இன்னொருமுறை கேட்கச் சொன்னார்கள். கேட்டேன்.

"யாருக்கு அம்மா இது?"

"ஓர் அமெரிக்கப் பெண்ணுக்கு."

"ஆ," என்றார்கள் இருவரும் ஒன்றாக. எல்லாச் சந்தேகமும் தீர்ந்துவிட்டதைப் போல இருந்தது அந்த 'ஆ'.

அடுத்த நாள் காலை ஆட்டுக்கொழுப்பை உருக்கினேன். மாவைப் போட்டுச் சிவக்க வறுத்தேன். கொக்கோத் தூள், சீனி, பால். இவர் குசினி வாசலுக்கு வந்து மூக்கைச் சுருக்கிக்கொண்டு நின்றார்.

"இதுக்குள்ள ஆடு நிக்குது," என்றார்.

"சீனி கூடப் போட்டா அடங்கும்."

"ஆடு அடங்காது."

இன்னும் இரண்டு கரண்டி சீனி போட்டேன். தேநீரோடு சாப்பிடுகிற மெல்லிய பிஸ்கட் பன்னிரண்டை ஒரு தட்டில் அடுக்கி, மேலே ஊற்றி, மூடிக்கொண்டு எதிர்வீட்டுக்குப் போனேன். அவள் எழுந்து உட்கார்ந்து ஆவலோடு மூடியைத் திறந்தாள். பிறகு வாளியைக்கூடத் தேடாமல் நேரே குளியலறைக்கு ஓடினாள்.

அவள் கணவன் விளையாட்டு ஆசிரியர். ஆறடிக்கு மேலே உயரம், யாருக்கும் இல்லை என்று சொல்லத் தெரியாத மனிதன். நான் தட்டோடு நிற்பதைப் பார்த்து அவனுக்கு என்ன தோன்றியதோ, இரண்டு பிஸ்கட்டை எடுத்துச் சாப்பிட்டான். மெதுவாகச் சாப்பிட்டான். "இது நான் இதுவரை சாப்பிடாத ருசி," என்றான். பிறகு குழாயடிக்குப் போய் நீண்ட நேரம் தண்ணீர் குடித்தான்.

அவள் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்தாள். அழுகிறாள் என்று நினைத்தேன். கிட்டப் போய்ப் பார்த்தால் சிரித்துக்கொண்டிருந்தாள். ஒரு மாதமாக அவள் சிரித்து நான் பார்க்கவில்லை. கிரேவி என்று பெயர்தானே தவிர அதில் இறைச்சிச் சம்பந்தமே இல்லை என்றாள். கொக்கோ, சீனி, மா, பால், வெண்ணெய், கடைசியில் வனிலா. அவ்வளவுதான். பிஸ்கட் என்றால் இந்த மொறுமொறு பிஸ்கட்டும் இல்லை. சுடச்சுட, உயரமாக, உள்ளே பஞ்சுபோல இருக்கிற, இனிப்பில்லாத குட்டிப் பாண்.

"பாணை ஏன் பிஸ்கட் என்கிறீர்கள்?"

"தெரியாது. இவர்கள் ஏன் பின்னேரத்தை ஆர்வோ என்கிறார்கள்?"

அளவு கேட்டேன். அவளுக்குத் தெரியவில்லை. சாப்பிட்டது மட்டும்தான், ஒருநாளும் செய்து பார்த்ததில்லை.

இதையெல்லாம் வந்து சொன்னதும் இவருக்கு உற்சாகம் பிறந்தது. அளவு தெரியாத கலவை என்பது இவருக்குத் தொழில் சம்பந்தப்பட்ட விஷயம். ஒரு கொப்பியும் பேனையும் எடுத்துக்கொண்டு எதிர்வீட்டுக்குப் போனார். சோபாவுக்குப் பக்கத்தில் ஒரு கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"ஊற்றினால் நிற்குமா, ஓடுமா?"

"இரண்டும். முதலில் ஓடும். பிஸ்கட்டின் ஓரத்துக்கு வந்ததும் கொஞ்சம் யோசிக்கும். பிறகு இறங்கும்."

"எவ்வளவு நேரம் யோசிக்கும்?"

அவள் கண்ணை மூடிக்கொண்டு நினைத்துப் பார்த்தாள். "ஒரு மூச்சு விடுகிற நேரம்."

இவர் 'ஒரு மூச்சு' என்று எழுதி அதன் கீழே கோடு போட்டார்.

அடுத்த சனிக்கிழமை குசினி இவருடைய பரிசோதனைக் கூடமாகிவிட்டது. கொங்கிரீட்டின் இளக்கத்தைப் பார்க்க ஓர் இரும்புக் கூம்பு இருக்கிறது. அதில் கலவையை நிரப்பிக் கவிழ்த்து, கூம்பைத் தூக்கினால் கலவை எவ்வளவு அமிழ்கிறது என்று அளப்பார்கள். இவர் தகரப் பேணி ஒன்றை வெட்டி அதே மாதிரி ஒரு சின்னக் கூம்பு செய்தார். அளக்கப் பள்ளிக்கூட அடிமட்டத்தைப் பக்கத்தில் நிறுத்தினார். மாதிரி ஒன்று, மாதிரி இரண்டு, மாதிரி மூன்று என்று தட்டுகளுக்குச் சீட்டு எழுதி ஒட்டினார். பகல் பன்னிரண்டு மணிக்குள் மாதிரி ஏழுக்கு வந்துவிட்டோம். கொக்கோ முடிந்துவிட்டது. அந்தக் காலத்தில் சனிக்கிழமை மத்தியானத்தோடு கடைகள் பூட்டினால் திங்கட்கிழமைதான் திறக்கும். மூலையில் மில்க் பார் என்கிற சின்னக் கடையில் மட்டும் ஒரு டின் கிடைத்தது. பாலில் கலந்து குடிக்கிற சொக்லேட் தூள், பாதிக்கு மேல் சீனி.

"பரவாயில்லை. இனிப்புக் கூடுறதை மா போட்டுச் சமப்படுத்தலாம்," என்றார்.

"மா போட்டா இறுகுமே?"

"அதுக்குத்தான் கணக்கு இருக்கு."

ஞாயிற்றுக்கிழமை காலை கணக்குப்படி போட்டார். கணக்குப்படி கிண்டினார். கூம்பில் நிரப்பிக் கவிழ்த்துத் தூக்கினார். தட்டின் நடுவில் கறுப்பாக ஒரு கோபுரம் நின்றது. அசையவில்லை. அடிமட்டத்தை வைத்துப் பார்த்தார்.

"அமிழ்ச்சி பூச்சியம்," என்றார். குரலில் கொஞ்சம் பெருமை இருந்தது. வீதி போடுகிறவர்களுக்கு அப்படித்தான் வேண்டுமாம்.

"இருபத்தெட்டு நாள் விட்டா மேலால லொறி போகலாம்," என்றேன். கொங்கிரீட் முழுப் பலத்துக்கு வர அவ்வளவு நாள் எடுக்கும் என்று இவர் சொல்லிக் கேட்டிருந்தேன்.

இதற்கிடையில் நான் மாவைப் பிசைந்து குட்டிப் பாண்களை அவணுக்குள் வைத்திருந்தேன். கோபுரத்தைப் பார்த்துக்கொண்டு நின்றதில் அதை மறந்துபோனேன். புகை மணம் எனக்கு முன்னால் கீழ்வீட்டு அம்மையாருக்குத் தெரிந்துவிட்டது. படியேறி வந்து கதவைத் தட்டினார். எழுபது வயது, விதவை. குப்பைத் தொட்டியை எந்தக் கிழமை எந்த நேரத்தில் வெளியே வைக்க வேண்டும் என்று எல்லோருக்கும் எழுதிக் கொடுத்தவர் அவர்தான்.

தட்டில் கிடந்த கரிக்கட்டிகளில் ஒன்றை எடுத்து மேசையில் தட்டிப் பார்த்தார். மேசை சத்தம் போட்டது.

"இது என்னவாக இருக்க வேண்டியது?"

சொன்னேன். உயரமாக, உள்ளே பஞ்சுபோல, இனிப்பில்லாமல், சுடச்சுட.

"அது ஸ்கோன்," என்றார். "ஸ்கோன் என்று சொன்னால் என்ன குறைந்துபோகும்? வருகிற ஞாயிற்றுக்கிழமை நான் செய்து தருகிறேன். நோயாளிக்குத்தானே. ஜாம் இருக்கிறதா? கிரீம்?"

"இரண்டும் தேவையில்லை. மேலே ஊற்ற ஒன்று செய்கிறோம்."

"என்ன அது?"

பொய் சொல்லியிருக்கலாம். எனக்குத் தோன்றவில்லை. "சொக்லேட் கிரேவி," என்றேன்.

அவர் மேசையில் நின்ற கறுப்புக் கோபுரத்தைப் பார்த்தார். பக்கத்தில் அடிமட்டத்தோடு நின்ற இவரைப் பார்த்தார்.

"நீ அதைச் சொல்லவில்லை, எனக்கும் அது காதில் விழவில்லை என்று வைத்துக்கொள்வோம்," என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

எதிர்வீட்டுப் பெண்ணுக்கு அந்தக் கிழமை இன்னும் மோசமாகிவிட்டது. உடம்பில் தண்ணீர் குறைந்துகொண்டு போகிறது, இப்படியே போனால் ஆஸ்பத்திரியில் வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்று டாக்டர் சொல்லியிருந்தார். அதை அவள் கணவன் படியில் நின்று என்னிடம் சொன்னபோது அவனுடைய பெரிய கைகள் என்ன செய்வதென்று தெரியாமல் கைப்பிடிக் கம்பியைத் தடவிக்கொண்டிருந்தன. எனக்குச் சிரிப்பெல்லாம் போய்விட்டது.

மூன்றாவது ஞாயிற்றுக்கிழமை இவர் கையில் செய்தித்தாளைக் கொடுத்து, குசினிக்குள் வரக் கூடாது என்று சொன்னேன்.

"நான் ஒண்டும் செய்யமாட்டன், சும்மா பாத்துக்கொண்டு நிக்கிறன்."

"வேண்டாம். அங்க கதிரையில இருங்கோ."

மாவைச் சூட்டில் போடுவதால்தான் கட்டிபடுகிறது என்று கிழமை முழுக்க யோசித்துக் கண்டுபிடித்திருந்தேன். எங்கள் அலுமாரியில் இருந்த கஸ்டர்ட் டின்னில் அது எழுதியே இருந்தது: முதலில் குளிர்ந்த பாலில் கரைக்கவும். கொக்கோவையும் சீனியையும் மாவையும் ஈரமில்லாத பாத்திரத்தில் போட்டு நிறம் ஒன்றாகும்வரை கலந்தேன். மூன்று கரண்டி கொக்கோ, நான்கு கரண்டி மா, ஒரு சுண்டு சீனிக்குக் கொஞ்சம் குறைவு. குளிர்ந்த பாலைத் துளித்துளியாக விட்டுக் குழைத்தேன். மிச்சப் பாலையும் விட்டு அடுப்பை ஆகக் குறைத்து வைத்து, கையை எடுக்காமல் கிண்டினேன். பத்து நிமிஷம் வெறும் தண்ணீராகத்தான் இருந்தது. இதுவும் சரிவராது என்று நினைத்த நேரத்தில் அகப்பை கொஞ்சம் கனத்தது. அகப்பையின் முதுகில் விரலால் ஒரு கோடு இழுத்தேன். கோடு அழியாமல் நின்றது. இறக்கி, ஒரு கட்டி வெண்ணெயும் இரண்டு சொட்டு வனிலாவும் ஒரு கிள்ளு உப்பும் போட்டேன். கிரேவி பளபளவென்று வந்தது.

கதவை யாரோ தட்டினார்கள். திறந்தால் ஆள் இல்லை. வாசலில் துணி போர்த்திய தட்டில் ஸ்கோன்கள் மட்டும் இருந்தன, ஆவி பறக்க. அம்மையார் கீழே இறங்கிப் போகிற சத்தம் கேட்டது.

எதிர்வீட்டில் வைத்து ஒரு ஸ்கோனை இரண்டாகப் பிட்டு ஊற்றினேன். கிரேவி ஓடியது, ஓரத்துக்கு வந்தது, நின்றது, பிறகு இறங்கியது. இவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார். நான் பார்த்த பார்வையில் நிறுத்திக்கொண்டார்.

அவள் முதல் கரண்டியை வாயில் வைத்துக்கொண்டு விழுங்காமல் இருந்தாள். நாங்கள் மூன்று பேரும் அவளுடைய தொண்டையையே பார்த்துக்கொண்டிருந்தோம். விழுங்கினாள். இரண்டாவது கரண்டி. மூன்றாவது. ஒரு ஸ்கோன் முடிந்தது. இவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். ஐந்து நிமிஷம். பத்து நிமிஷம். அவள் கணவன் வாளியைக் கையில் பிடித்தபடி ஓட்டப் பந்தயத்துக்குத் தயாராகிறவனைப்போல நின்றான். கால் மணி நேரம் போனதும் அவள் தட்டை நீட்டினாள்.

"இன்னொன்று இருக்கிறதா?"

அந்தப் பெரிய மனிதன் வாளியோடு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான்.

அன்று அவள் மூன்று ஸ்கோன் சாப்பிட்டாள். மூன்றும் தங்கின. என் கணவர் நான்கு சாப்பிட்டார். எனக்குக் காலையில் இனிப்புச் சாப்பிட மனம் வராது. ஆனால் அன்று ஒன்று சாப்பிட்டேன்.

கொஞ்ச நேரத்தில் தட்டை வாங்கிப்போக அம்மையார் வந்தார். தன்னுடைய ஸ்கோன்கள் கறுப்புக் குளத்தில் கிடக்கிற காட்சியை வாசலில் நின்றே பார்த்தார். சோபாவில் இருந்தவளின் முகத்தையும் பார்த்தார். ஒரு கரண்டியைக் கேட்டு வாங்கி, நின்றபடியே நுனியில் தொட்டு நாக்கில் வைத்தார்.

"வருகிற ஞாயிற்றுக்கிழமை எத்தனை மணிக்கு வேண்டும்?" என்று மட்டும் கேட்டார்.

ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியிருக்கவில்லை. கிரேவியால்தான் என்று அவள் சொல்வாள். நான்காம் மாதம் பிறந்ததால் என்று டாக்டர் சொன்னார். ஞாயிறு தவறாமல் நான் கிண்டினேன். அவள் சந்தோஷத்தில் தன் அம்மாவுக்கு நான்கு பக்கத்தில் கடிதம் எழுதினாள். உன்னுடைய கிரேவியை இங்கே ஓர் இலங்கைப் பெண் செய்கிறாள், உன் கைப்பக்குவம் அப்படியே இருக்கிறது என்று. ஒரு மாதத்தில் பதில் வந்தது. அதை என்னிடம் வாசித்துக் காட்டினாள்.

'எனக்கு அந்தச் சாமானைக் கண்ணிலும் காட்டக் கூடாது. நான் ஒருநாளும் செய்ததில்லை. ஞாயிறு காலையில் நான் கோயிலுக்குப் புறப்பட உடுத்திக்கொண்டிருக்கும்போது உன் அப்பாதான் செய்வார். கிரேவியில் அம்மாவின் கை இருக்கிறது என்று நீங்கள் புகழும்போதெல்லாம் அவர் ஒன்றும் சொல்லமாட்டார். நானும் சொல்லவில்லை. அவர் உன் கடிதத்தை வாசித்துவிட்டு இரண்டு நாளாகச் சிரித்துக்கொண்டிருக்கிறார்.'

அவள் கடிதத்தை மடித்து வைத்தாள். பிறகு தன் கணவனை ஏற இறங்கப் பார்த்தாள்.

"அப்படியானால் இது அப்பாமார் செய்கிற வேலை," என்றாள்.

அடுத்த சனிக்கிழமை அவன் எங்கள் குசினிக்கு வந்தான். கதவு நிலையில் தலை இடிக்காமல் குனிந்து வந்து, என் பூப்போட்ட ஏப்ரனைக் கட்டிக்கொண்டான். அது அவனுக்கு நெஞ்சோடு நின்றது. தோணி வலிப்பதுபோலக் கிண்டினான். பால் சுவரில் தெறித்தது. மெதுவாக, மெதுவாக என்று நான் சொல்லச் சொல்ல, "மன்னிக்கவும், மேடம்," என்று பள்ளிக்கூடப் பிள்ளைபோலச் சொன்னான். ஐந்து சனிக்கிழமை வந்தான்.

குழந்தை பெண். ஆஸ்பத்திரியிலிருந்து அவர்கள் வீட்டுக்கு வந்த முதல் ஞாயிற்றுக்கிழமை எங்கள் இருவரையும் கீழ்வீட்டு அம்மையாரையும் காலைச் சாப்பாட்டுக்கு அழைத்தார்கள். என்னைக் குசினிப் பக்கம் வரவே அவன் விடவில்லை. நான் கதிரையில் இருந்தேன். குழந்தையை என் மடியில் வைத்தார்கள். குசினிக்குள் ஏதோ விழுந்தது. பிறகு எரிந்த மணம் லேசாக வந்தது. அம்மையார் எழப் பார்த்தார், குழந்தையின் அம்மா அவர் கையைப் பிடித்து இருத்தினாள். கடைசியில் அவன் வியர்வையோடு தட்டுகளைக் கொண்டுவந்து எல்லோர் முன்னாலும் வைத்துவிட்டு எங்கள் முகங்களைப் பார்த்தபடி நின்றான்.

நான் இரண்டு சாப்பிட்டேன். கிரேவி முழுக்கக் கட்டி கட்டியாக இருந்தது. ஒருவரும் அதைச் சொல்லவில்லை.